உயரத்தில் இரண்டு அங்குலம் கூட்டிப் போட்டிருக்கிறேன், ஞாயிற்றுக்கிழமை ஏற்காட்டில் நேரில் பார்க்கப் போகிறோம். முன்னாடியே சொல்லிவிடவா?

ஐந்துரோடு_ஆள் எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாக எழுதுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள், இதை வெளியில் யாரிடமும் கேட்க முடியாது.

எனக்கு 28. சேலம், செவ்வாய்ப்பேட்டைப் பக்கம். டிப்ளமோ மெக்கானிக்கல் முடித்துவிட்டு ஓசூரில் இரண்டு வருடம் இருந்தேன். 2020 ஊரடங்கில் வீட்டுக்கு வந்தவன் திரும்பிப் போகவே இல்லை.

போன வருடம் ஒரு டேட்டிங் ஆப் போட்டேன். முதலில் எல்லாமே உள்ளது உள்ளபடிதான். உயரம் 5 அடி 6. ஆதார் கார்டு போட்டோ மாதிரி ஒரு போட்டோ. மூன்று மாதத்தில் மேட்ச் ஆனது இரண்டே இரண்டு. அதில் ஒன்று என் சித்தி பெண், தங்கச்சி முறை, கிண்டல் பண்ணுவதற்காகவே ரைட் ஸ்வைப் செய்தாளாம், பொங்கலுக்கு எல்லாரும் உட்கார்ந்திருக்கும்போது அதைச் சொல்லிச் சிரித்தாள். தூரத்தைப் பத்து கிலோமீட்டர் என்று வைத்தால் இந்த ஊரில் சொந்தக்காரர்களும் ஸ்கூலில் கூடப் படித்தவர்களும்தான் வரிசையாக வருகிறார்கள். சென்னை, பெங்களூர்க்காரர்களுக்கு இந்தக் கஷ்டம் புரியாது.

அப்புறம் நண்பன் ஒருத்தன் உட்கார்ந்து எல்லாவற்றையும் மாற்றினான். உயரம் 5 அடி 8 ஆனது. "எல்லாரும் இரண்டு போடுவார்கள், எல்லாரும் இரண்டு கழித்துக்கொள்வார்கள், நீ மட்டும் 6 என்று போட்டால் 4 என்று நினைப்பார்கள்" என்றான். கேட்க நியாயமாகத்தான் இருந்தது. வேலை ஜுவல்லரி டிசைனர் என்று ஆனது. அவனுடைய புல்லட்டில் ஏற்காடு கொண்டை ஊசி வளைவில் சாய்ந்து நிற்கிற மாதிரி ஒரு போட்டோ, "மலை என்றால் உயிர்" என்று ஒரு வரி. ஒரே வாரத்தில் பதினொரு மேட்ச்.

அதில் ஒருவரோடு ஏழு வாரமாகப் பேசிக்கொண்டிருக்கிறேன். ஆத்தூர்ப் பக்கம் ஒரு தனியார் பள்ளியில் கணக்கு டீச்சர். தினமும் இரவு பத்து மணிக்கு மேல் பேசுவோம், சும்மா டைம்பாஸ் இல்லை. போன வாரம் அவரே "ஞாயிற்றுக்கிழமை ஏற்காடு வாங்க, ஒரு காபி குடிச்சிட்டு பகோடா பாயிண்ட் வரைக்கும் நடக்கலாம்" என்றார். அன்றைக்கு இரவு தூக்கம் வரவில்லை. சந்தோஷத்தில் பாதி, பயத்தில் பாதி. அவர் உயரம் 5 அடி 5 என்று போட்டிருக்கிறார். அவர் ஹீல்ஸ் போட்டு வந்தால் என் கதை முடிந்தது.

நேற்று நாலு ரோட்டில் ஒரு செருப்புக் கடையில் ஷூவுக்குள் வைக்கிற சோல் பார்த்தேன். ஒன்றரை அங்குலம் ஏறுமாம். கையில் எடுத்து அழுத்திப் பார்த்தேன், குதிகால் பக்கம் மட்டும் மெத்தென்று இருந்தது. கடைக்காரர் "கல்யாணமா தம்பி?" என்றார். வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

உயரத்தை இப்போதே சொல்லிவிடுவதா, நேரில் பார்த்து அவராகத் தெரிந்துகொள்ளட்டும் என்று விடுவதா? சொன்னால் எப்படிச் சொல்வது?


ஜங்ஷன்_டீ:

ப்ரோ, இரண்டு அங்குலத்துக்கு இவ்வளவு பெரிய கட்டுரையா. ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணம் பண்ணு என்று பெரியவர்களே சொல்லியிருக்கிறார்கள், உன் கணக்கில் இன்னும் 998 பாக்கி இருக்கிறது. முடியைக் கொஞ்சம் மேலே தூக்கிச் சீவிக்கொண்டு போ. பகோடா பாயிண்டில் மேட்டுப் பக்கமாக நின்றுகொள்.


கரும்பலகை:

மேலே இருப்பவருக்கு: அது "ஆயிரம் பேருக்குப் போய்ச் சொல்லி" என்பதுதான் மருவிவிட்டது என்று யாராவது வாட்ஸ்அப் விளக்கத்தோடு வருவதற்குள் நானே சொல்லிவிடுகிறேன், எனக்கு அந்த விளக்கத்தில் நம்பிக்கை இல்லை. நம் ஆட்கள் கல்யாணத்துக்காகப் பொய் சொல்லியவர்கள்தான்.

கேள்வி கேட்டவருக்கு. நான் உளவியல் பாடம் எடுக்கிறேன், அதனால் கொஞ்சம் கிளாஸ் எடுப்பேன். அமெரிக்காவில் டோமா, ஹான்காக், எலிசன் என்ற மூன்று பேர் செய்த ஆய்வு ஒன்று 2008இல் வந்தது. நியூயார்க்கில் ஆன்லைன் டேட்டிங் செய்த 80 பேரை, 40 ஆண் 40 பெண், நேரில் வரவழைத்து, டேப் வைத்து உயரம் அளந்து, எடை மெஷினில் நிற்க வைத்து, டிரைவிங் லைசென்ஸில் வயதைப் பார்த்து, அவர்கள் புரொஃபைலில் போட்டிருந்ததோடு ஒப்பிட்டார்கள். 81 சதவீதம் பேர் உயரம், எடை, வயது மூன்றில் ஏதாவது ஒன்றிலாவது பொய் சொல்லியிருந்தார்கள். ஆண்கள் உயரத்தில், பெண்கள் எடையில். உங்கள் நண்பர் "எல்லாரும் போடுவார்கள்" என்றது அந்த அளவுக்குச் சரிதான்.

ஆனால் அந்த ஆய்வைப் பற்றிப் பேசுகிறவர்கள் இந்த 81ஐ மட்டும் சொல்லிவிட்டு ஓடிவிடுவார்கள். அடுத்த பாதிதான் எனக்குப் பிடித்தது. கூட்டிய அளவு பெரும்பாலும் மிகச் சிறியது, நேரில் பார்த்தால் கண்டுபிடிக்க முடியாத அளவு. ஏனென்றால் நேரில் பார்க்கப் போகிறோம் என்று அவர்களுக்கும் தெரியும். மனிதர்கள் வாய்க்கு வந்ததை அவிழ்த்துவிடுவதில்லை, எவ்வளவு கூட்டினால் மாட்டமாட்டோம் என்று கணக்குப் போட்டுத்தான் கூட்டுகிறார்கள். இன்னொன்று, எதில் குறைந்த உண்மை என்று அவர்களையே கேட்டதற்கு போட்டோ என்றார்கள். எதில் அதிக உண்மை என்றதற்கு உறவு நிலை, அதாவது கல்யாணம் ஆனவரா ஆகாதவரா என்பது. ஆக, எதை மெழுகலாம் எதை மெழுகக் கூடாது என்று ஒரு கோடு எல்லார் மனதிலும் இருக்கிறது.

இரண்டு அங்குலம் அந்தக் கோட்டுக்கு எந்தப் பக்கம் என்பதை உங்களுக்கே விட்டுவிடுகிறேன். 5 அடி 5க்குப் பக்கத்தில் நின்றால் 6க்கும் 8க்கும் வித்தியாசம் தெரியும், கணக்கு டீச்சர் வேறு.


அஸ்தம்பட்டி_அக்கா:

தம்பி, பெண்கள் பக்கத்திலிருந்தும் ஒன்று சொல்கிறேன். முதலில் ஒரு விஷயம் தெளிவாகட்டும், மறைப்பது வேறு, பொய் வேறு. நான் ஆப்பில் இருந்தபோது பெயரில் பாதிதான் போட்டேன், எங்கே வேலை என்று போடவில்லை, போட்டோவில் பாதி முகம். "ஏன் ஒளிச்சு வைக்கிறீங்க, ஃபேக்கா?" என்று கேட்காத ஆள் இல்லை. ஒரே ஒரு முறைதான் முழு போட்டோ போட்டேன். எனக்குப் பின்னால் ஒரு தட்டுவடை செட் கடையின் பலகை பாதி தெரிந்தது, அவ்வளவுதான். நாலாவது நாள் சாயங்காலம் அந்தக் கடையில் முறுக்கு செட் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன், ஒருத்தன் வந்து பக்கத்தில் நின்று, "நேரில் இன்னும் நல்லா இருக்கீங்க" என்றான். தட்டை அப்படியே வைத்துவிட்டு வந்துவிட்டேன். அந்தக் கடைக்கு அப்புறம் ஒரு வருடம் போகவில்லை, அந்தக் காரச் சட்னிக்கு எவ்வளவு ஏங்கினேன் என்று எனக்குத்தான் தெரியும். இந்த ஊரில் ஒரு பெண் முகத்தை மறைத்தால் அதற்குப் பெயர் ஃபேக் இல்லை. "நேட்டிவ் எங்கே, வீட்டுல என்ன கும்பிடுவீங்க" என்று சுற்றி வளைத்து ஜாதி கேட்கிறவனுக்குப் பதில் சொல்லாமல் இருப்பதும் பொய் இல்லை.

இப்போது உன் விஷயம். நானும் ஒருத்தரை மூன்று மாதம் பேசி, நேரில் பார்த்தேன். அவர் உயரம் எவ்வளவு என்று போட்டிருந்தார், நேரில் எவ்வளவு இருந்தார், சத்தியமாக ஞாபகம் இல்லை. ஞாபகம் இருப்பது ஒன்றுதான். காபி டம்ளரை எடுத்த கையில் மோதிர விரலில் வெள்ளையாக ஒரு வளையம், அந்த இடத்தில் மட்டும் வெயில் படவில்லை. வரும் வழியில் கழற்றியிருக்கிறார். எனக்கு வந்த கோபம் அவர் கல்யாணம் ஆனவர் என்பதில் கூட இல்லை, மூன்று மாத ராத்திரி என்னுடையது, அதை நான் யாருக்குக் கொடுக்கிறேன் என்று எனக்கே தெரியாமல் கொடுத்திருக்கிறேன். அதில்தான்.

நீ எழுதியதை இரண்டு முறை படித்தேன். உயரத்துக்கு அத்தனை வரி, சோல் கடை வரைக்கும் போய்விட்டாய். வேலையை "ஜுவல்லரி டிசைனர் என்று ஆனது" என்று ஒரு வரியில் தாண்டிவிட்டாய். ஓசூரிலிருந்து வந்து திரும்பிப் போகவில்லை என்றாய், வந்து என்ன செய்கிறாய் என்று எங்களிடமே சொல்லவில்லை. என்ன வேலை தம்பி?


ஐந்துரோடு_ஆள்:

அக்கா, பிடித்துவிட்டீர்கள்.

கொலுசுப் பட்டறை. அப்பாவுடையது, நாலு பேர் வேலை. வியாபாரி வெள்ளி கொடுப்பார், நாங்கள் கூலிக்குச் செய்து கொடுப்போம். டிசைன் என்று ஒன்றிரண்டு நானே போட்டிருக்கிறேன், அதனால் முழுப் பொய் இல்லை என்று எனக்கு நானே சொல்லிக்கொள்வேன். ஆனால் ஒரு நாளில் பெரும்பாலான நேரம் தரையில் உட்கார்ந்து பற்றவைப்பதுதான்.

அந்த புல்லட் போட்டோவில் கையை ஜீன்ஸ் பாக்கெட்டில் விட்டிருப்பேன். எல்லா போட்டோவிலும் அப்படித்தான். விரல் நுனி கறுத்து, நகத்துக்குள் போய் உட்கார்ந்துவிடும், எலுமிச்சை, சோப்பு எதுவும் முழுசாக எடுக்காது. உயரம் கூட சோல் வைத்துச் சமாளிக்கலாம். கையை என்ன செய்வது என்றுதான் தெரியவில்லை. அதைக் கேட்க வெட்கமாக இருந்தது, அதனால் உயரத்தைக் கேட்டேன்.


நெகட்டிவ்_பென்சில்:

தம்பி, எனக்கு 64 வயது. அம்மாபேட்டையில் முப்பத்தைந்து வருடம் போட்டோ ஸ்டுடியோ வைத்திருந்தேன், பையன் இப்போது அதை ஜெராக்ஸ் கடையாக்கிவிட்டான். நீங்கள் எல்லாரும் ஃபில்டர், எடிட் என்று இப்போதுதான் ஏதோ புதிதாக வந்த மாதிரி பேசுகிறீர்கள்.

எங்கள் காலத்தில் டச்சிங் என்று ஒரு வேலை உண்டு. சாய்வான மேஜை, நடுவில் பால் கண்ணாடி, கீழே இருந்து வெளிச்சம் வருவதற்கு ஒரு முகம் பார்க்கிற கண்ணாடியைச் சாய்த்து வைத்திருப்போம். நெகட்டிவை அதன் மேல் வைத்து, மருந்து பூசிய பக்கத்தில் ஒரு திரவத்தை லேசாகத் தேய்த்து, ஊசி மாதிரி சீவிய பென்சிலால் புள்ளி புள்ளியாக வைக்க வேண்டும். அம்மைத் தழும்பு நெகட்டிவில் வெளிச்சமான குழியாகத் தெரியும், அதைப் பென்சிலால் நிரப்பினால் பிரின்ட்டில் கன்னம் மொழுமொழுவென்று வரும். கண்ணுக்குக் கீழே இருக்கிற கறுப்பும் அப்படித்தான் போகும். கொஞ்சம் அதிகமாக வைத்துவிட்டால் முகம் பொம்மை மாதிரி ஆகிவிடும், அம்மாவுக்கே அடையாளம் தெரியாது. ஒரு முகத்துக்கு ஒரு மணி நேரம் ஆகும். ஸ்டுடியோவில் கோட்டு ஒன்று, டை இரண்டு, ஓடாத கைக்கடிகாரம் ஒன்று எப்போதும் ஆணியில் தொங்கும். மாப்பிள்ளை போட்டோவுக்கு வருகிறவர்கள் மாட்டிக்கொள்வார்கள். ஊரில் பாதிப் பேர் ஒரே கோட்டில் கல்யாணம் முடித்தவர்கள். குள்ளமானவர்களுக்கு மணைப் பலகையும் உண்டு.

இதையெல்லாம் பொய் என்று யாரும் சொன்னதில்லை. ஆடி மாதம் குகை மாரியம்மன் கோவில் வண்டி வேடிக்கை பார்த்திருப்பாய். மூட்டை தூக்குகிறவர் சிவனாக வேஷம் கட்டி வண்டி மேல் நிற்பார், ஜனம் கும்பிடும், மறுநாள் காலையில் அவர் மார்க்கெட்டில் மூட்டை தூக்கிக்கொண்டிருப்பார். ஏமாற்றிவிட்டார் என்று யாராவது சண்டைக்குப் போகிறார்களா? வேஷம் என்று எல்லாருக்கும் தெரியும். போட்டோவும் அப்படித்தான், நல்ல நாள் முகம் என்று எல்லாருக்கும் தெரியும்.

ஆனால் ஒரு முறை இது நடந்தது. ஒரு பெண்ணின் அப்பா, வயதானவர், நான் டச்சிங் செய்த மாப்பிள்ளைப் படத்தை எடுத்துக்கொண்டு கடைக்கே வந்துவிட்டார். பின்னால் கடை முத்திரை இருக்கும் அல்லவா, அதைப் பார்த்து வந்திருக்கிறார். "இந்தப் பையன் முகத்தில் ஏதாவது இருக்கிறதா?" என்று கேட்டார். நான் வைத்த புள்ளி ஒவ்வொன்றும் எனக்குத் தெரியும். இல்லை என்றும் சொல்ல முடியவில்லை, இருக்கிறது என்றும் சொல்ல முடியவில்லை. "அதில் என் கை இருக்கிறது ஐயா, நேரில் பாருங்கள்" என்றேன். போய்ப் பார்த்தார்கள், கல்யாணமும் நடந்தது. ஆனால் மாப்பிள்ளை வீட்டார் அதற்கப்புறம் என் கடைப் படி ஏறவில்லை.

கேட்காத வரைக்கும் அலங்காரம். ஒருத்தர் நேராகக் கேட்டுவிட்டால் அப்புறம் அலங்காரம் இல்லை. அந்தப் பெண் உன்னிடம் வேலையைப் பற்றிக் கேட்டிருப்பாளே தம்பி, ஏழு வாரத்தில் கேட்காமலா இருப்பாள்?


பூந்திக்கொட்டை:

நானும் பட்டறைக்காரன்தான், உன் ஏரியாவிலேயே. உன்னை எனக்குத் தெரிந்துகூட இருக்கலாம். அதனால் கொஞ்சம் கோபமாகவே எழுதுகிறேன்.

வெள்ளி வேலை செய்கிற உனக்கு நான் டச் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை, மற்றவர்களுக்காகச் சொல்கிறேன் (போட்டோ டச்சிங் வேறு, இது வேறு). சுத்த வெள்ளியில் கொலுசு செய்ய முடியாது. ரொம்ப மிருது, நாலு நாள் நடந்தால் நசுங்கிவிடும். செம்பு கலந்தால்தான் நிற்கும். நூறில் எத்தனை பங்கு வெள்ளி என்பதைத்தான் டச் என்போம். 92.5 உண்டு, 80 உண்டு, 70 உண்டு, அதற்குக் கீழேயும் உண்டு. 70 டச் செய்கிறவன் திருடன் இல்லை, வாங்குகிறவர் வசதிக்கு 70 வேண்டியிருக்கும். 70ஐச் செய்து 80 என்று சொல்லிக் கொடுக்கிறவன்தான் திருடன். உருக்கினால் தெரிந்துவிடும், அவனுக்கு அப்புறம் இந்தத் தெருவில் வெள்ளி யாரும் கொடுக்க மாட்டார்கள்.

அது மாதிரி, மனுஷன் நூறு டச் இருக்க மாட்டான். நான் என் வீட்டம்மாவைப் பெண் பார்க்கப் போனபோது வடை பிடிக்காது, பிடிக்கும் என்று சொல்லி மூன்று தின்றேன். இன்று வரைக்கும் என் தட்டில்தான் அதிகமாக விழுகிறது. அதெல்லாம் செம்பு. அது இல்லாமல் எந்தக் கொலுசும் நிற்காது.

எனக்குக் கோபம் வேறு இடத்தில். நீ கையை ஒளித்து வைத்தாய் என்றாயே, அங்கே. கம்பி இழுத்து, வளையம் வளையமாகக் கோத்து, வெங்காரம் வைத்து, தீயைக் கொஞ்சம் அதிகமாகக் காட்டினால் மொத்தமும் உருகிக் கொட்டிவிடும், குறைவாகக் காட்டினால் பற்றாது, அந்த ஒரு நொடி எது என்று உன் கண்ணுக்குத் தெரியும். அது எந்தப் படிப்பிலும் வராது. கடைசியில் பூந்திக்கொட்டைத் தண்ணீரில் பித்தளை பிரஷ் போட்டுத் தேய்க்கும்போது முதல் முறையாகப் பளிச்சென்று வருமே, அதை நீ எத்தனை முறை பார்த்திருப்பாய். வெள்ளி கிலோ லட்சத்தைத் தாண்டிய பிறகு ஆர்டர் குறைந்து, பாதிப் பசங்கள் டெலிவரி வேலைக்குப் போய்விட்டார்கள். அதற்கப்புறமும் உட்கார்ந்து இதைச் செய்கிறவன் நீ. அதைச் சொல்ல வெட்கப்பட்டுவிட்டு டிசைனர் என்று ஒரு வார்த்தைக்குப் பின்னால் நிற்கிறாய். அந்தப் பொண்ணு கணக்கு டீச்சர் என்கிறாய், அவள் காலில் கொலுசு போட்டிருந்தால் நம் சேலத்தில் செய்ததாகத்தான் இருக்கும், எந்தப் பட்டறையில் செய்தது என்று அவளுக்கே தெரியாது. அதைச் சொல்லிப் பேச்சை ஆரம்பிக்க உனக்குத் தோன்றவில்லை, சோல் வாங்கப் போயிருக்கிறாய்.

அப்பாவிடம் நான் சொன்னதாகச் சொல்லாதே.


கோர்ட்_குமாஸ்தா:

எல்லாரும் ரொம்ப உருகுகிறீர்கள், நான் கொஞ்சம் வறட்சியாக ஒன்று சொல்லிவிட்டுப் போகிறேன். பழைய இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் இருக்கும் பாரதிய நியாய சன்ஹிதாவில் 69ஆவது பிரிவு இருக்கிறது. நிறைவேற்றும் எண்ணமே இல்லாமல் கல்யாண வாக்குக் கொடுத்தோ, வேலை வாங்கித் தருவதாகப் பொய் சொல்லியோ, அடையாளத்தை மறைத்துக் கல்யாணம் செய்தோ ஒரு பெண்ணோடு உறவு கொண்டால் பத்து வருடம் வரை தண்டனை. இரண்டு அங்குலத்துக்கு யாரும் கேஸ் போட மாட்டார்கள், பயப்பட வேண்டாம். எங்கிருந்து சட்டம் உள்ளே வருகிறது என்று தெரிந்திருக்கட்டும் என்றுதான்.

இன்னொன்று. நேரில் பார்க்காமல், வீடியோ காலும் வராமல், வெளிநாட்டில் டாக்டர், பார்சல் அனுப்பியிருக்கிறேன், கஸ்டம்ஸில் மாட்டிக்கொண்டது, பணம் கட்டு என்று யாராவது சொன்னால் ஒரு ரூபாய் அனுப்பாதீர்கள். அனுப்பிவிட்டால் வெட்கப்பட்டுக்கொண்டு உட்காராமல் உடனே சைபர் குற்ற உதவி எண் 1930க்கு அடியுங்கள், எவ்வளவு சீக்கிரமோ அவ்வளவு நல்லது. எங்கள் ஆபீசுக்கு வருகிறவர்களில் படித்தவர்கள்தான் அதிகம். புரொஃபைலில் நீல டிக் இருக்கிறதே என்பார்கள். அந்த டிக், போட்டோவில் இருக்கிற முகமும் செல்ஃபியில் இருக்கிற முகமும் ஒன்று என்று மட்டும்தான் சொல்கிறது, அவர் டாக்டரா என்று அதற்கு எப்படித் தெரியும்?


கரும்பலகை:

குமாஸ்தா சாருக்கு நன்றி. பட்டறைத் தம்பிக்கு இன்னொரு விஷயம், கிளாஸ் இல்லை, சின்னதுதான். ஜோசப் வால்தர் என்பவர் 1996இல் எழுதினார், எழுத்தில் மட்டும் பழகும்போது நேரில் பழகுவதைவிடச் சில நேரம் நெருக்கம் அதிகமாகிவிடும் என்று. அனுப்புகிறவர் யோசித்து, அழித்து, நல்லதை மட்டும் அனுப்புகிறார். வாங்குகிறவர் தெரியாத இடங்களைத் தன் ஆசையால் நிரப்பிக்கொள்கிறார். அந்த டீச்சர் மனதில் இருக்கிற ஆள் நீங்கள் போட்ட 5 அடி 8ஐவிட உயரமாகக்கூட இருக்கலாம். நீங்கள் வைத்திருக்கும் டீச்சரும் அப்படித்தான். அதனால் ஞாயிற்றுக்கிழமை இரண்டு பேருமே கொஞ்சம் குறைவார்கள், அதற்குத் தயாராகப் போங்கள்.


ஐந்துரோடு_ஆள்:

எல்லாருக்கும் நன்றி. பூந்திக்கொட்டை அண்ணா, நீங்கள் யார் என்று எனக்கு ஓரளவு தெரிந்துவிட்டது, வடை விஷயத்தில்.

நேற்று இரவு சொல்லிவிட்டேன். எழுதினால் மறுபடியும் அழகாக எழுதத் தொடங்கிவிடுவேன் என்று வாய்ஸ் மெசேஜ் போட்டேன். நாற்பது நொடி. உயரம் 6, வேலை பட்டறை, தரையில் உட்கார்ந்து செய்கிற வேலை என்று சொல்லிவிட்டு, கூடவே கையை டியூப் லைட்டுக்குக் கீழே வைத்து ஒரு போட்டோ. கழுவாமல் எடுத்தது. அனுப்பிவிட்டு மொபைலைக் கவிழ்த்து வைத்துவிட்டேன். கேட்டுவிட்டார் என்று தெரிகிறது, பதில் இல்லை. ஒன்றரை மணி நேரம்.

அப்புறம் போனே பண்ணினார். உயரத்தைப் பற்றி ஒரு வார்த்தை கேட்கவில்லை. "போன மாசம் ஒரு நாள் கிளையன்ட் மீட்டிங், பேச முடியாதுன்னு சொன்னீங்களே, அது என்ன?" என்றார். எனக்கு ஞாபகமே இல்லை, அப்புறம்தான் வந்தது. அன்றைக்கு அப்பா கையில் ஆசிட் கொட்டிவிட்டது, ஆஸ்பத்திரியில் வராண்டாவில் உட்கார்ந்து அந்த மெசேஜைத் தட்டினேன். பட்டறை என்று ஒன்று இருப்பதே அவருக்குத் தெரியாது, ஆசிட் என்று எப்படிச் சொல்வது, அதனால் மீட்டிங். சொன்னேன். கொஞ்ச நேரம் பேச்சே இல்லை. லைன் கட் ஆகிவிட்டதோ என்று பார்த்தேன்.

"அன்னைக்கு ராத்திரி நான் உங்களுக்கு ஸ்டாஃப் ரூம் ஜோக் அனுப்பிட்டு இருந்தேன்" என்றார். "நீங்க சிரிக்கிற எமோஜி போட்டீங்க. அப்பா கை எப்படி இருக்குன்னு நான் கேட்டிருக்க வேண்டிய நேரம் அது. அதை என்கிட்டேயிருந்து எடுத்துட்டீங்க."

அதற்கு என்னிடம் பதில் இல்லை. ஜுவல்லரி டிசைனர் என்று மாற்றியபோது அது ஒரே ஒரு வார்த்தைதான். அதைக் காப்பாற்ற அப்புறம் எத்தனை சொல்லியிருக்கிறேன் என்று இரவெல்லாம் எண்ணிக்கொண்டிருந்தேன், ஒன்பது வரை வந்து நிறுத்திவிட்டேன்.

ஸ்டுடியோ ஐயாவுக்கு: ஆமாம், கேட்டிருக்கிறார். இரண்டு முறை.

அவருடைய போட்டோவும் நாலு வருடம் முந்தியது என்றார், அக்கா கல்யாணத்தில் எடுத்தது. இப்போது கண்ணாடி போட்டிருக்கிறாராம். அதைச் சொல்லும்போது மட்டும் லேசாகச் சிரித்தார். கோபம் போகவில்லை என்று அவரே சொன்னார், "வரேன், ஆனா கோபத்தோடதான் வரேன்."

போனை வைக்கும்போது, "அந்த பைக் யாருது?" என்றார். அது சுத்தமாக மறந்துவிட்டது எனக்கு. நண்பனுடையது என்றேன். "அப்ப எதுல வருவீங்க?" "பஸ்." "சரி, நானும் ஆத்தூர்ல இருந்து சேலம் வந்துடறேன், ஒரே பஸ்ல போயிடலாம்" என்று சொல்லி வைத்துவிட்டார்.

இப்போது புதிதாக ஒரு பிரச்சினை. "மலை என்றால் உயிர்" என்று போட்டிருந்தேன் அல்லவா. பைக்கில் போனால் எனக்கு ஒன்றும் ஆகாது. பஸ்ஸில் போனால் அந்த இருபது கொண்டை ஊசியில் எட்டாவதைத் தாண்டமாட்டேன், சின்ன வயதிலிருந்தே வாந்திதான். பள்ளி டூரில் டிரைவர் எனக்காகவே பையோடு வருவார். இதையும் சொல்லிவிடவா?


அஸ்தம்பட்டி_அக்கா:

இன்றைக்கே சொல். கையில் எலுமிச்சம்பழம் வைத்துக்கொள், காலையில் இட்லி இரண்டுக்கு மேல் வேண்டாம். ஜன்னலோரம் நீ உட்கார்.


பூந்திக்கொட்டை:

முன்பக்க சீட்டாகப் பார்த்துப் பிடி, பின்னால் உட்கார்ந்தால் தூக்கிப் போடும். அப்பா கை இப்போது எப்படி இருக்கிறது? அன்றைக்கு எனக்கும் யாரும் சொல்லவில்லை.